உலகளந்த கம்பெனி

பரங்கிமலை உச்சியில் காலை ஏழு மணிக்கு நல்ல காற்று. கீழே மீனம்பாக்கம் ஓடுதளத்தில் ஒரு விமானம் இறங்கிக்கொண்டிருந்தது. 1523இல் போர்த்துகீசியர் எழுப்பிய மாதா கோயிலுக்கு வந்தவர்களில் ஒரு பாட்டி, ஓரமாக இருந்த மார்பளவுச் சிலையின் முன் நின்று கைகூப்பினார். பிறகு என்னைத் திரும்பிப் பார்த்து, “இவரு எந்த சாமியாருப்பா?” என்று கேட்டார்.

“சாமியார் இல்லை பாட்டி. நம்ம நாட்டை அளந்தவர்.”

“நாட்டையா? முழுசா அளந்தாரா?”

“தொடங்கி வச்சது இவரு. இந்த மலையடிவாரத்துலதான் தொடங்கினாரு.”

அவர் பெயர் வில்லியம் லாம்டன். கிழக்கிந்தியக் கம்பெனியின் காலத்தில் 33ஆவது காலாட்படையோடு இந்தியாவுக்கு வந்த அதிகாரி. நான் அன்று போகப் புறப்பட்டது திருவிடந்தை நித்தியகல்யாணப் பெருமாள் கோயிலுக்கு. வழியில் இந்த மலையில் ஏறியதற்குக் காரணம் உண்டு. பரங்கிமலையிலிருந்து மாமல்லபுரம் வரை நீளும் இந்தக் கரைதான், ஒரு வியாபாரக் கம்பெனி உலகை அளக்கக் கற்றுக்கொண்ட இடம். சிறுவயதில் படித்த மாயாஜாலக் கதைகளில் மந்திரவாதி துணியை விரித்துக் கோடு கிழிப்பான். கிழித்த இடத்தில் நிஜமாகவே மதில் எழும்பும். அந்த மந்திரத்தைக் காகிதத்தில் செய்து காட்டிய கம்பெனி ஒன்று இங்கே இருந்தது. அதன் தடத்தில் ஒருநாள் நடந்து பார்க்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

1802 ஏப்ரல் 10. கத்திரி வெயிலுக்கு முன்னதாகவே சூடேறிவிட்ட நாட்கள். லாம்டனின் ஆட்கள் பரங்கிமலையடியிலிருந்து தெற்கே பெரும்பாக்கம் குன்றுவரை ஒரு நேர்கோட்டை அளக்கத் தொடங்கினார்கள். கையில் இருந்தது நூறடி நீள எஃகுச் சங்கிலி. சீனப் பேரரசருக்குப் பரிசாகப் பிரிட்டிஷ் தூதுக்குழு கொண்டுபோன கருவிகளில் ஒன்று அது. அங்கே ஏற்கப்படாமல் கல்கத்தாவுக்கு வந்து, லாம்டன் கைக்குச் சேர்ந்தது. சங்கிலியைத் தரையில் போட்டு இழுக்கவில்லை. முக்காலிகளின் மேல் மரத் தொட்டிகளை வரிசையாக வைத்து அதற்குள் கிடத்தினார்கள். வெயில் பட்டால் எஃகு நீளும் என்பதால் மேலே கூடாரம் கட்டி, பக்கத்தில் வெப்பமானி வைத்து, ஒவ்வொரு முறையும் சூட்டைக் குறித்துக்கொண்டார்கள். இப்படி நானூறு முறை சங்கிலியைத் தூக்கி வைத்து அளந்த பிறகு கிடைத்த நீளம் 40,006 அடி. ஏறத்தாழ ஏழரை மைல்.

அந்த ஏழரை மைல்தான் விதை. ஒரு கோட்டின் நீளமும் அதன் இரு முனைகளிலிருந்து தொலைவிலுள்ள ஒரு புள்ளியைப் பார்க்கும் கோணங்களும் தெரிந்தால், மற்ற இரண்டு பக்கங்களையும் கணக்கிலேயே கண்டுவிடலாம். அந்த முக்கோணத்தின் ஒரு பக்கம் அடுத்த முக்கோணத்துக்கு அடி. இப்படியே முக்கோணத்தின்மேல் முக்கோணமாகக் கோத்து, 78ஆம் தீர்க்கரேகையை ஒட்டிக் குமரியிலிருந்து இமயத்தின் அடிவாரம்வரை போனார்கள். லாம்டன் 1823இல் மத்திய இந்தியாவின் ஹிங்கன்காட்டில் இறந்தார். வேலையைத் தொடர்ந்தவர் ஜார்ஜ் எவரெஸ்ட். உலகின் மிக உயர்ந்த சிகரத்துக்கு அவர் பெயர் வந்தது இந்த அளவையால்தான். அதன் உயரத்துக்கான கணக்கில் பெரும்பங்கு வங்காளத்தின் ராதாநாத் சிக்தாருடையது.

கோணம் பார்க்க லாம்டன் வரவழைத்த தியோடலைட் அரை டன் எடை. அதை ஏற்றிவந்த கப்பலைப் பிரெஞ்சுக்காரர்கள் பிடித்து மொரீஷியசுக்குக் கொண்டுபோனார்கள். கருவி எதற்கென்று தெரிந்ததும், மரியாதையாகத் திருப்பி அனுப்பிவைத்தார்கள். 1808இல் அதைத் தஞ்சைப் பெரிய கோயிலின் மேலே ஏற்றும்போது வடம் அறுந்து, கருவி சுவரில் மோதி நெளிந்தது. லாம்டன் ஒரு கூடாரத்துக்குள் அடைந்துகொண்டு, வாரக்கணக்கில் உட்கார்ந்து அதைத் தானே நிமிர்த்தினார். சமவெளியில் தொலைவு பார்க்க உயரமான இடம் கோபுரமும் விமானமும்தான். நம் கோயில்களின் தோளில் ஏறி நின்றுதான் கம்பெனி இந்த நாட்டைப் பார்த்தது.

பழுதான கருவிகளைச் சீராக்கிய கைகளில் நம் ஊர்க் கை ஒன்றும் உண்டு. ஆற்காட்டைச் சேர்ந்த சையத் மீர் மொசின் உசேன். சென்னையில் நகைப் பட்டறை வேலை பார்த்தவர். பின்னர் கல்கத்தாவில் சர்வே துறையின் கருவிக் கலைஞராக உயர்ந்தார். எவரெஸ்டே மெச்சிய கைத்திறன் அவருடையது. பரங்கிமலையில் அவருக்கும் ஒரு கல் நட்டால் நிறைவாக இருக்கும்.

மலையிறங்கி மேடவாக்கம் வழியாகப் பெரும்பாக்கம் போனேன். லாம்டனின் தென்முனை இங்கேதான். அவர் நின்று பார்த்த பக்கமெல்லாம் இப்போது அடுக்குமாடி வீடுகள். நகரத்தின் ஆற்றங்கரைகளிலிருந்து அப்புறப்படுத்தப்பட்ட ஆயிரக்கணக்கான குடும்பங்கள் இங்கே குடியமர்த்தப்பட்டிருக்கின்றன. சற்றுத் தள்ளிப் பள்ளிக்கரணைச் சதுப்புநிலம். வடக்கே பல ஊர் ஏரிகளின் உபரிநீர் வந்து தங்கி, ஒக்கியம் மடுவு வழியாகத் தெற்கே கழிமுகத்துக்குப் போகும் நீரின் வீடு அது. வருவாய்க் கணக்கில் அதற்குக் கிடைத்த பெயர் புறம்போக்கு, தரிசு. தீர்வை விதிக்க முடியாத நிலத்துக்கு வரைபடத்தில் மதிப்பு இல்லை. மதிப்பில்லாத இடத்தில் குப்பை கொட்டினார்கள், சாலை போட்டார்கள், கட்டடம் எழுப்பினார்கள். 2015 வெள்ளத்தில் நீர் தன் பழைய வீட்டைத் தேடி வந்தது. 2022இல்தான் பள்ளிக்கரணை, பாதுகாக்க வேண்டிய ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலில் சேர்ந்தது. ஒரு சொல் தாளில் தவறாக ஏறிவிட்டால் அதைத் திருத்த எத்தனை தலைமுறை ஆகிறது என்று அங்கே நாரைகளைப் பார்த்தபடி நினைத்துக்கொண்டேன்.

கிழக்குக் கடற்கரைச் சாலைக்கு வந்து, முட்டுக்காடு பாலம் தாண்டி, கோவளத்தில் இறங்கினேன். ஐரோப்பாவின் ஆஸ்டெண்ட் கம்பெனி 1720களில் கிடங்கு வைத்திருந்த துறை இது. பிறகு பிரெஞ்சுக்காரர் கைக்குப் போன இங்குள்ள கோட்டையை 1752இல் கிளைவ் பிடித்தார். கம்பெனிகள் ஒன்றையொன்று விரட்டிய அந்தக் கரையில் இப்போது பைபர் படகுகள் வரிசையாக நிற்கின்றன. வலை பிரித்துக்கொண்டிருந்த பெரியவர் ஒருவரிடம், ஜிபிஎஸ் இல்லாத காலத்தில் கடலுக்குள் இடம் எப்படிப் பிடிப்பார்கள் என்று கேட்டேன்.

“கரையில ரெண்டு அடையாளம் புடிச்சுக்கணும் தம்பி. முன்னால ஒரு கோபுரம், பின்னால ஒரு மலை. ரெண்டும் ஒரே நேருக்கு வந்தா அது ஒரு கோடு. அந்தாண்ட இன்னும் ரெண்டு அடையாளம் நேருக்கு வந்தா அது ஒரு கோடு. ரெண்டு கோடும் முட்டுற எடத்துலதான் பாரு இருக்கும். மீனு அங்கதான் மேயும்.”

“யார் சொல்லிக்கொடுத்தது ஐயா?”

“எங்கப்பன். அவருக்கு அவங்கப்பன்.”

பாரு என்று அவர் சொன்னது கடலடிப் பாறைத்திட்டு. லாம்டன் செய்ததும் கோடுகள் முட்டும் இடத்தைத் தேடிய வேலைதான். ஒருவர் நிலத்தைக் கணக்கில் கொண்டுவரத் தேடினார். இன்னொருவர் அன்றைய சோற்றுக்காகத் தேடினார். கடலடியின் வரைபடம் இந்தக் கரையில் மனிதர்களின் நெஞ்சில் இருக்கிறது. எந்த அலுவலகத்திலும் அதற்கு நகல் கிடையாது.

கோவளத்திலிருந்து திருவிடந்தை கூப்பிடு தூரம்தான். சாலையிலிருந்து மேற்கே திரும்பினால் குளம், சவுக்கு, தென்னை, பிறகு கோயில். திருமங்கையாழ்வார் பாடிய திவ்யதேசம். வாசலில் மாலை விற்ற அம்மா, பக்கத்தில் நின்ற இளைஞனுக்கு முறையைச் சொல்லிக்கொண்டிருந்தார். “மாலையைப் போட்டுக்கிட்டு ஒம்பது சுத்து சுத்து தம்பி. வீட்டுல பத்திரமா வை. கல்யாணம் முடிஞ்சதும் பொண்டாட்டியையும் அந்த மாலையையும் கூட்டிக்கிட்டு வா.” காலவ முனிவரின் 360 பெண்களை நாளுக்கு ஒருவராகப் பெருமாள் மணந்து, கடைசியில் அனைவரையும் ஒருத்தியாக்கி இடப்பக்கம் ஏற்றார் என்பது தலபுராணம். திருவை இடப்பக்கம் கொண்ட எந்தை திருவிடவெந்தை. வாய்மொழியில் அது திருவிடந்தை.

கருவறையில் ஆதிவராகர். ஒரு காலை ஊன்றி, மற்றதை மடித்து, தாயாரை இடத்தொடையில் ஏந்தியபடி நெடிதாக நிற்கிறார். கடலுக்குள் மூழ்கிய பூமியை எடுத்துவந்தவர் வராகர். பூமியைக் கையில் ஏந்துவது என்றால் எப்படியிருக்கும் என்பதை அந்தச் சிற்பி அறிந்திருக்கிறான். தாயார் முகத்தை நோக்கியே பெருமாளின் முகம் திரும்பியிருக்கிறது.

வெளியே வந்து சோழர் காலக் கல்வெட்டுகளைப் பார்த்தேன். சோழர் காலத்து நிலதானக் கல்வெட்டுகளில் ஒரு வாய்பாடு மாறாமல் வரும். கீழ்பாற்கெல்லை, தென்பாற்கெல்லை, மேல்பாற்கெல்லை, வடபாற்கெல்லை என்று நான்கு திசையும் சொல்லி, வாய்க்கால், ஏரிக்கரை, இன்னார் நிலம் என எல்லை காட்டும். படம் வரையாத வரைபடம் அது. முதலாம் ராஜராஜன் சோழநாடு முழுவதையும் அளப்பித்தான். அந்த வேலையை நடத்திய அதிகாரிக்கு உலகளந்தான் என்று பட்டம். நிலத்தை மாவுக்கும் காணிக்கும் கீழே, முந்திரிக்கும் கீழே பகுத்துக் கணக்கு வைத்தார்கள். அரசர்கள் அளந்ததும் வரிக்காகத்தான். அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனாலும் அந்த அளவையில் ஊர் பேசுகிறது. எல்லை சொல்லும்போது ஒரு வாய்க்காலின் பெயர் சொல்ல வேண்டியிருந்தது.

கோயில் குளக்கரையில் உட்கார்ந்தபோது இன்னொரு செய்தி நினைவுக்கு வந்தது. கம்பெனியின் வரைபடங்களுக்கெல்லாம் தீர்க்கரேகையின் ஆதாரம் நுங்கம்பாக்கத்தில் 1792இல் எழுந்த வானாய்வகம். அங்கே நட்ட கருங்கல் தூணில் தமிழிலும் எழுத்துப் பொறித்திருக்கிறது. அந்த ஆய்வகம் கிரீனிச்சிலிருந்து எவ்வளவு கிழக்கே இருக்கிறது என்று அவர்கள் கொண்ட அளவில், ஏறத்தாழ இரண்டரைக் கலை பிழை இருந்தது. ஒரு பாகையை அறுபதாகப் பகுத்தால் ஒரு கலை. நம் பக்கத்தில் இரண்டரைக் கலை என்பது நாலரை கிலோமீட்டருக்கு அருகில் வரும். இந்தியா முழுவதும் அந்த ஒரு புள்ளியில் தொங்கிக்கொண்டிருந்ததால், நாடு மொத்தமும் தாளில் கிழக்கே தள்ளி நின்றது. பிற்காலப் பதிப்புகளில் திருத்தக் குறிப்பு சேர்த்தார்கள். உலகத்தின் உண்மையான கட்டத்தில் வைத்துப் பார்த்தால், கம்பெனியின் திருவிடந்தை வங்கக் கடலுக்குள் இருந்திருக்கிறது. மூழ்கிய பூமியைத் தூக்கிய பெருமாளின் ஊரைத் தாளில் கடலுக்குள் வைத்த உலகம் அது. மண்ணில் ஒரு திருவிடந்தை, காகிதத்தில் ஒரு திருவிடந்தை. நூறாண்டுக் காலம் அரசாணைகள் காகிதத்தில் இருந்த ஊருக்குத்தான் போயின.

ஒன்றை நேர்மையாகச் சொல்ல வேண்டும். லாம்டன் செய்தது அறிவின் பெரிய வேலை. சென்னையிலிருந்து மங்களூர்வரை முக்கோணம் கோத்துப் பார்த்து, தீபகற்பம் பழைய படங்கள் சொன்ன 400 மைல் அகலம் அல்ல, 360 மைல்தான் என்று கண்டார். நாற்பது மைல் நிலம் ஒரே கணக்கில் காணாமல் போனது. உண்மை தனக்குச் சாதகமா என்று பாராமல் அளந்த மனிதர் அவர். 1794இல் சென்னைக் கோட்டையில் எட்டு மாணவர்களோடு கம்பெனி தொடங்கிய சர்வே பள்ளிதான் இன்றைய கிண்டிப் பொறியியல் கல்லூரி. அங்கே படித்த எத்தனையோ பேர் நம் அணைகளையும் சாலைகளையும் கட்டியிருக்கிறார்கள். கருவியின்மேல் எனக்குக் கோபம் இல்லை. கருவி யாருக்கு வேலை செய்தது என்பதே என் கேள்வி.

நெம்மேலியில் மேற்கே திரும்பி, கழிவெளியையும் பக்கிங்காம் கால்வாயையும் கடந்தேன். கால்வாயின் சென்னை நகரப் பகுதி 1877-78இல் பஞ்ச நிவாரண வேலையாக வெட்டப்பட்டது. அடி அடியாக அளந்து முடித்த மாகாணத்தில்தான் தாது வருஷப் பஞ்சத்தில் லட்சக்கணக்கானோர் மாண்டார்கள். எந்த ஊர் எங்கே இருக்கிறது என்று அப்போது அரசுக்கு நன்றாகத் தெரியும். அந்த ஊரில் இன்று அடுப்பு எரிந்ததா என்பதை அந்தப் படம் சொல்லாது.

திருப்போரூரில் கந்தசாமி கோயில் குளத்தெருவில் காப்பி குடித்துவிட்டு நிழலில் உட்கார்ந்தேன். என் பயணத்தின் நடுப்புள்ளி இந்த ஊர்தான். 1763இல் ஆற்காட்டு நவாப் முகமது அலி, கம்பெனிக்குச் செங்கல்பட்டுச் சீமையை ஜாகீராகக் கொடுத்தார். வாங்கிய கம்பெனி முதலில் செய்த காரியங்களில் ஒன்று அதை அளந்தது. 1767 முதல் 1774 வரை தாமஸ் பர்னார்டு என்ற பொறியாளர் ஊர் ஊராகப் போனார். ஏறத்தாழ 2,000 ஊர்கள். ஒவ்வொன்றிலும் எத்தனை வீடு, யார் யார் குடியிருப்பு, எத்தனை ஏரி, கோயில், சத்திரம், தோப்பு, நஞ்சை எவ்வளவு, புஞ்சை எவ்வளவு என்று எழுதினார். பரங்கிமலையில் லாம்டன் சங்கிலி போடுவதற்கு முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு முன்பே, கம்பெனியின் வரைபடப் பசி செங்கல்பட்டில் தீனி தேடிவிட்டது.

அந்த விவரங்களை பர்னார்டுக்குக் கொடுத்தவர்கள் ஊர்க் கணக்குப்பிள்ளைகள். அவர்கள் தங்கள் கணக்கைப் பனையோலையில், தமிழில் வைத்திருந்தார்கள். அந்த ஓலைகளில் ஒரு பகுதி தப்பிப் பிழைத்துத் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் இருக்கிறது. காந்தியவாதி தரம்பால் இந்த ஆவணங்களின் அருமையை எடுத்துக்காட்டினார். சென்னையில் உள்ள கொள்கை ஆய்வு மையத்தின் ஜிதேந்திர பஜாஜும் எம்.டி.சீனிவாசும் ஆண்டுக்கணக்கில் உழைத்து அவற்றைப் படித்தார்கள். திருப்போரூரின் கணக்கும் அப்படிப் படிக்கப்பட்டு அச்சாகியிருக்கிறது.

ஓலையில் என்ன இருக்கிறது? களத்தில் நெல் குவிந்ததும் அது யார் யாருக்குப் பிரிகிறது என்ற பட்டியல். ஏரி மராமத்துக்கு ஒரு பங்கு, கோயிலுக்கு ஒரு பங்கு, தலையாரிக்கு, தச்சருக்கு, கொல்லருக்கு, குயவருக்கு, வெட்டியாருக்கு, மருத்துவருக்கு, கணக்குப்பிள்ளைக்கு என்று நீளும் பங்குகள். இவற்றோடு மானிய நிலங்கள். ஏரியை யார் காப்பது, அவருக்குச் சோறு எங்கிருந்து வரும் என்பதை ஊரே தன் நெல்லில் எழுதி வைத்திருந்தது. ஒரே ஊரை ஒரே காலத்தில் இரண்டு கைகள் எழுதின. ஓலை ஊரின் உறவுகளை எழுதியது. காகிதம் அதிலிருந்து வரியைப் பிரித்தெடுத்தது. பங்குகள் அரசின் கணக்கில் மெல்ல மெல்ல வெட்டப்பட்டபோது, ஏரிக்கரையில் மண் போட ஆளில்லாமல் போனது. நம் ஏரிகளின் கதை அங்கே திரும்பியது என்று நான் நம்புகிறேன்.

ஓலை உலகம் எல்லோருக்கும் நீதி செய்த உலகம் என்று சொல்லமாட்டேன். சேரியில் இருந்தவர்களின் உழைப்பு அதில் எழுதப்பட்டது. உழுத நிலம் அவர்கள் பெயரில் எழுதப்படவில்லை. அதை அரசுக்கு அழுத்தமாக எடுத்துச் சொன்னவர், கம்பெனிக்குப் பிந்தைய காலத்தில் இதே செங்கல்பட்டின் ஆட்சியராக இருந்த டிரமன்ஹீர். அவர் 1891இல் கொடுத்த அறிக்கையைத் தொடர்ந்து, 1892இல் ஒடுக்கப்பட்டவர்களுக்கு நிலம் ஒதுக்க ஆணை வந்தது. அதுவே பஞ்சமி நிலம். தாளில் கிடைத்த அந்த நிலம் மண்ணில் பலருக்கும் கைநழுவியது. 1994இல் இந்த மாவட்டத்துக் காரணையில் பஞ்சமி நிலத்தை மீட்கப் போராடியவர்களில் இருவர் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார்கள். வரைபடத்தில் ஒரு சர்வே எண் என்றால் சிலருக்கு அது உயிரின் விலை.

மாலையில் மாமல்லபுரம் போய்ச் சேர்ந்தேன். ஐரோப்பிய மாலுமிகளின் படங்களில் இதற்கு ஏழு கோயில் என்று பெயர். கடலிலிருந்து எண்ணியவர்கள் வைத்த பெயர் அது. 1815இல் இந்தியாவின் முதல் தலைமை அளவையாளரான காலின் மெக்கன்சி, நிலத்தோடு கதைகளையும் கல்வெட்டுகளையும் திரட்டியவர். அவருக்காக ஊர் ஊராக நடந்தவர்கள் காவலி சகோதரர்கள். அவர்களில் லட்சுமய்யா 1803இல் மாமல்லபுரத்தைப் பற்றித் திரட்டி எழுதிய குறிப்பு பின்னர் அச்சேறியது. மெக்கன்சி தொகுப்பின் ஒரு பெரும் பகுதி இன்றும் சென்னையில், அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்தில் இருக்கிறது. கம்பெனிக்குள்ளேயும் கேட்கத் தெரிந்தவர்கள் இருந்தார்கள். அவர்களுக்குச் சொல்ல நம்மவர்கள் இருந்தார்கள்.

குன்றின் மேலே வராக மண்டபம். அந்தி வெளிச்சம் சாய்வாக உள்ளே விழுந்துகொண்டிருந்தது. ஒரு பக்கச் சுவரில் வராகர் பூமித்தாயை ஏந்தியிருக்கிறார். எதிர்ப்பக்கச் சுவரில் திரிவிக்கிரமர், ஒரு கால் விண்ணுக்கு உயர, மூன்றடியில் உலகை அளக்கிறார். ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளாக இருவரும் நேருக்கு நேர் நிற்கிறார்கள். அளந்தவரும் ஏந்தியவரும் ஒருவரே என்று பல்லவச் சிற்பி ஒரே அறையில் சொல்லிவைத்திருக்கிறான். பகல் முழுக்க நான் தேடிய விடை அந்தச் சுவர்களில் இருந்தது. கம்பெனி இந்த உலகை அளந்தது, ஏந்தவில்லை. அளப்பவனுக்கு ஏந்தும் கடமையும் உண்டு. அது இல்லாத அளவை, எத்தனை துல்லியமானாலும், பாதி வேலைதான்.

இன்று அளப்பவர்கள் நாம். செயற்கைக்கோள் அளக்கிறது, கைப்பேசி அளக்கிறது, சர்வேயர் நவீனக் கருவியோடு வந்து கல் நடுகிறார். உங்கள் ஊரின் புலப்படத்தை ஒருமுறை வாங்கிப் பாருங்கள். அதோடு ஊர்ப் பெரியவர் ஒருவரை அழைத்துக்கொண்டு எல்லையைச் சுற்றி வாருங்கள். படத்தில் எண்ணாக மட்டும் இருக்கும் ஏரிக்கும் மடுவுக்கும் வாய்க்காலுக்கும் அவர் பெயர் சொல்வார், எழுதிக்கொள்ளுங்கள். செங்கல்பட்டுச் சீமைக்காரர்கள் இன்னொன்றும் செய்யலாம். கணக்குப்பிள்ளைகள் எழுதிய ஓலைகள் தஞ்சையில் காத்திருக்கின்றன. அவற்றில் உங்கள் ஊரும் இருக்கலாம்.